கண்ணில் படும் உண்ணி கொஞ்சம்தான்

ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்தில் இறைச்சிக்கு மாடு வளர்ப்பவர்கள் நூறு ஆண்டுகளுக்கும் மேலாக உண்ணியோடு போராடி வருகிறார்கள். அனுபவம் இவ்வளவு இருந்தும் சில தவறான நம்பிக்கைகள் விலகவில்லை.

நம்பிக்கை: உண்ணி தெரிந்ததும் மருந்தடித்தால் போதும்.

அதிக நஷ்டம் தருவது இதுதான். குஞ்சாக ஏறும் மாட்டு உண்ணி அதே மாட்டின் மேல் இருமுறை தோலுரித்து, ஏறக்குறைய மூன்று வாரம் வாழ்கிறது. அதில் பெரும்பகுதி நாட்கள் அது எளிதில் கண்ணுக்குப் படாது. பெண் உண்ணி கடைசி ஓரிரு நாளில்தான் ரத்தம் குடித்துப் புடைக்கும். பிறகு உதிர்ந்து, தரையில் 3,000 முட்டைகள் வரை இட்டுச் சாகும். புடைத்த உண்ணிகளை நாம் பார்க்கும்போது, முன்பே உதிர்ந்தவை புல்லடியில் முட்டையிடத் தொடங்கியிருக்கும். பொரித்த குஞ்சுகள் புல்நுனியில் மாதக்கணக்கில்கூட மாட்டுக்காகக் காத்திருக்கும்.

அதனால் வெயில் ஏறத் தொடங்கும் வசந்தத்திலேயே, முதல் தலைமுறை பெருகும் முன் தொடங்க வேண்டும். மூன்று வார இடைவெளியில், ஒரு மாடுகூட விடுபடாமல் மருந்து கொடுக்க வேண்டும். விட்டுப்போன ஒரு மாடே மேய்ச்சல் நிலம் முழுக்க மறுபடி முட்டை பரப்பிவிடும். முடிந்தால் நிலத்தைச் சில மாதம் மாடின்றிப் போடுங்கள். குஞ்சுகள் பட்டினியில் அழியும்.

நம்பிக்கை: மருந்து கேட்கவில்லையா, வேறு கம்பெனி மருந்து வாங்கு.

பெயர் வேறானாலும் உள்ளிருக்கும் ரசாயன வகை ஒன்றாக இருக்கலாம். ஆர்சனிக் தொட்டிக் குளியலில் தொடங்கி டிடிடி, பிறகு வந்த மருந்துகள் என ஒவ்வொன்றுக்கும் உண்ணி எதிர்ப்பு வளர்த்துக்கொண்டது. அடிக்கடி அடிப்பதும் எடைக்குக் குறைவாகக் கொடுப்பதும் அதற்குத்தான் உதவும். சந்தேகம் வந்தால் உண்ணிகளைப் பிடித்து ஆய்வகத்துக்கு அனுப்புங்கள்.

நம்பிக்கை: பிராமன் மாட்டில் உண்ணி ஏறாது.

ஏறும், ஆனால் பெரும்பாலான குஞ்சுகள் வளராமல் உதிர்ந்துவிடும். பிராமன் இனத்தின் வேர் ஓங்கோல், கிர் போன்ற நம் திமில் மாடுகளில் இருக்கிறது. ஹெர்ஃபோர்டு போன்ற பிரிட்டிஷ் இனங்களுக்கு அவ்வளவு தாங்கும் திறன் இல்லை. எந்த மந்தையிலும் ஒருசில மாடுகளே உண்ணிகளில் பெரும்பங்கைச் சுமக்கும். அவற்றைக் குறித்துவைத்து இனப்பெருக்கத்திலிருந்து விலக்குவது, எந்த மருந்தையும்விட நீடித்த பலன் தரும் என்பது என் உறுதியான கருத்து.

நம்பிக்கை: உண்ணியே இல்லாமல் வளர்ந்த மாடுதான் பத்திரம்.

உண்ணி இல்லாத பகுதியில் இருக்கும்வரை சரி. அதை உண்ணிப் பகுதிக்கு ஓட்டிவந்தால் பபேசியா கிருமி தரும் உண்ணிக் காய்ச்சலில் சாகக்கூடும். கன்றுகளுக்கு இயல்பான தாங்குசக்தி உண்டு. அதனால்தான் 3 முதல் 9 மாதத்துக்குள் தடுப்பூசி போடச் சொல்கிறார்கள். வெளியூரிலிருந்து காளை வாங்குவோர், வண்டியில் ஏற்றுவதற்குச் சில வாரம் முன்பே அதற்கும் ஊசி போட்டுவிட வேண்டும்.