பதிவுப் பொத்தானை அழுத்தும் முன்...

அரையாண்டு விடுமுறை முடிந்து பள்ளி திறந்த முதல் வாரம். ஒன்பதாம் வகுப்பில் வருகைப் பதிவேட்டைப் பார்த்துப் பெயர்களை வாசித்துக்கொண்டிருந்தேன். ஒரு மாணவி தொடர்ந்து நான்காவது நாளாக வரவில்லை. "உடம்பு சரியில்லையா?" என்று கேட்டேன். வகுப்பே அமைதியாகிவிட்டது. எப்போதும் அவள் அருகில் அமரும் தோழி மட்டும் தலை நிமிரவே இல்லை.

மதிய உணவு இடைவேளையில் அந்தத் தோழியே என்னைத் தேடி வந்து அழுதாள். விடுமுறையில் இருவரும் அலைபேசியில் பேசியிருக்கிறார்கள். அப்பாவின் குடிப்பழக்கம், இரவில் வீட்டில் நடக்கும் சண்டை, அம்மா அடகு வைத்த நகை என்று அவள் மனம்விட்டுச் சொல்லியிருக்கிறாள். இவள் பேசியது தன் அம்மாவின் அலைபேசியில். எல்லா அழைப்புகளும் தானாகப் பதிவாகும்படி அதில் அமைக்கப்பட்டிருந்தது. பதிவைக் கேட்டு மனம் பொறுக்காமல், "பாவம்டி" என்று இன்னொரு தோழிக்கு அனுப்பியிருக்கிறாள். அங்கிருந்து கைமாறி, இரண்டே நாளில் அது பிள்ளைகளின் புலனக் குழுவுக்கு வந்துவிட்டது.

"நான் கெட்ட எண்ணத்துல அனுப்பல டீச்சர். எங்க போன்ல இருந்ததைத்தானே அனுப்பினேன்?"

இந்தக் கேள்விக்கு அன்று என்னிடம் பதில் இல்லை. பல ஆண்டுகளாகச் சமூக அறிவியல் கற்பிக்கிறேன். 'மனித உரிமைகள்' பாடத்தை எத்தனையோ முறை நடத்தியிருக்கிறேன். ஆனால், ஒருவரின் குரல் என் அலைபேசியில் பதிவாகிவிட்டால் அது யாருடையது என்று நான் யோசித்ததே இல்லை. வழக்கறிஞராக இருக்கும் என் முன்னாள் மாணவர் ஒருவரிடம் கேட்டும், சில தீர்ப்புகளைப் படித்தும் தெரிந்துகொண்டதை இரண்டு பாடவேளைகளில் வகுப்பில் பகிர்ந்தேன். அந்த அனுபவமே இக்கட்டுரை. இதை எழுதுவதற்கு அந்த மாணவியிடமும் அவள் அம்மாவிடமும் அனுமதி பெற்றிருக்கிறேன். அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியும் இருக்கிறேன்.

சட்டம் என்ன சொல்கிறது?

நம் நாட்டில் அலைபேசி உரையாடலைப் பதிவு செய்வதற்கென்று தனிச்சட்டம் எதுவும் இல்லை. அரசியலமைப்பு, தொலைத்தொடர்புச் சட்டம், நீதிமன்றத் தீர்ப்புகள் ஆகியவற்றைச் சேர்த்துப் பார்த்தே நாம் புரிந்துகொள்ள வேண்டும்.

பேசும் இருவருக்கும் தெரியாமல் மூன்றாம் நபர் ஒட்டுக்கேட்பது குற்றம். 2023ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டப்படி, சட்டவிரோதமாக இடைமறித்துக் கேட்டால் மூன்று ஆண்டுகள் வரை சிறையோ, இரண்டு கோடி ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கலாம். அரசும் நினைத்தபடி ஒட்டுக்கேட்க முடியாது. மக்கள் சிவில் உரிமைக் கழகம் தொடுத்த வழக்கில், தொலைபேசி உரையாடல் அரசியலமைப்பின் 21ஆம் பிரிவு தரும் பாதுகாப்புக்குள் வரும் என்று 1996இல் உச்ச நீதிமன்றம் கூறியது. ஒட்டுக்கேட்க உத்தரவிடும் அதிகாரம் யாருக்கு உண்டு, எவ்வளவு காலத்துக்கு என்பதற்கும் நெறிமுறைகளை வகுத்தது. 2017 ஆகஸ்ட் 24 அன்று, நீதியரசர் புட்டசாமி வழக்கில், அந்தரங்கத்துக்கான உரிமை ஓர் அடிப்படை உரிமை என்று ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாகத் தீர்ப்பளித்தனர்.

அப்படியானால், பேசுபவர்களில் ஒருவரே பதிவு செய்தால்? இதற்கு 1964இல் பம்பாயில் நடந்த நிகழ்வு ஒன்றைப் பார்க்கலாம். மரண விசாரணை அதிகாரியாக இருந்த மல்கானி, நோயாளி ஒருவரின் மரணம் தொடர்பாக மருத்துவர் ஒருவரிடம் இலஞ்சம் எதிர்பார்த்தார். அது தொடர்பாக அவரிடம் பேசிவந்த மற்றொரு மருத்துவரின் சம்மதத்தோடு, அவரது தொலைபேசியில் காவல்துறையினர் ஒலிப்பதிவுக் கருவியைப் பொருத்தினர். பேசியவர்களில் ஒருவரின் சம்மதத்தோடு நடந்ததால் அந்தப் பதிவைச் சாட்சியமாக ஏற்கலாம் என்று 1972இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

ஆனாலும் கேள்வி முடிந்துவிடவில்லை. மனைவியின் அழைப்பு விவரங்களை அவருக்குத் தெரியாமல் கணவர் எடுத்தது அந்தரங்க மீறல், அதைச் சாட்சியமாக ஏற்க முடியாது என்று 2024இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை கூறியது. வேறொரு வழக்கில், மனைவிக்குத் தெரியாமல் கணவர் செய்த ஒலிப்பதிவை மண வழக்கில் சாட்சியமாக ஏற்கலாம் என்று 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் கூறியது.

நாட்டுக்கு நாடும் இது மாறுகிறது. அமெரிக்க ஒன்றியச் சட்டப்படி பேசுபவர்களில் ஒருவர் சம்மதித்தால் போதும். அந்நாட்டின் கலிபோர்னியா மாநிலத்திலோ எல்லோரும் சம்மதிக்க வேண்டும். ஜெர்மனியில் ஒருவரின் தனிப்பட்ட பேச்சை அவர் அனுமதியின்றிப் பதிவு செய்வதே குற்றம்.

மூன்று செயல்கள்

இவ்வளவையும் ஒன்பதாம் வகுப்புக்கு எப்படிச் சொல்வது? கரும்பலகையில் மூன்று சொற்களை எழுதினேன்: பதிவு செய்தல், ஒப்படைத்தல், பரப்புதல்.

ஒருவர் நம்மை மிரட்டும்போது பதிவு செய்வது வேறு. அதைக் காவல் நிலையத்திலோ நீதிமன்றத்திலோ ஒப்படைப்பது வேறு. குழுவில் பரப்புவது முற்றிலும் வேறு. நான் சொன்ன தீர்ப்புகள், பதிவைச் சாட்சியமாக ஏற்கலாமா என்பதைப் பற்றியவை. நீதிமன்றம் ஏற்கும் என்பதால் ஊருக்கெல்லாம் அனுப்பலாம் என்று பொருள் இல்லை. பரப்பியதால் ஒருவரின் நற்பெயர் கெட்டால் அவதூறு வழக்கு வரலாம். வழக்கு வராவிட்டாலும் அவர் மனம் புண்பட்டது புண்பட்டதுதான்.

வகுப்பறையில் நடந்தது

பிள்ளைகளை நான்கு குழுக்களாகப் பிரித்து ஆளுக்கொரு அட்டை கொடுத்தேன்.

1. வங்கி அதிகாரி என்று சொல்லி ஒருவர் ஓ.டி.பி. கேட்டு மிரட்டுகிறார். பதிவு செய்யலாமா?
2. தோழி தன் வீட்டுக் கவலையைச் சொல்கிறாள். அழைப்பு தானாகப் பதிவாகிறது. என்ன செய்வீர்கள்?
3. பக்கத்து வீட்டார் தங்களுக்குள் பேசிக்கொள்வதை ஜன்னலோரம் அலைபேசியை வைத்துப் பதிவு செய்யலாமா?
4. பாட்டி சொல்லும் கதையைப் பதிவு செய்து பள்ளி விழாவில் ஒலிபரப்பலாமா?

முதல் குழு, "பதிவு செய்யலாம். உடனே 1930க்குப் புகார் சொல்லணும்" என்றது. மூன்றாம் குழுவில் ஒரு மாணவன், "நாம அந்தப் பேச்சுலயே இல்லையே டீச்சர், நமக்கு என்ன உரிமை?" என்று கேட்டான். பத்தி பத்தியாக நான் சொன்னதை அவன் ஒரே வரியில் சொல்லிவிட்டான்.

நான்காம் குழுவை வீட்டில் கேட்டு வரச் சொன்னேன். மறுநாள் ஒரு மாணவி சொன்ன பதிலில் வகுப்பே சிரித்தது. "கதையைப் போட்டுக்க, நடுவுல உங்க தாத்தாவைத் திட்டினதை மட்டும் எடுத்துடு" என்றாராம் பாட்டி. சம்மதம் என்பது 'சரி', 'வேண்டாம்' என்ற இரண்டு பதில்கள் மட்டுமல்ல; எதற்குச் சரி, எதுவரை சரி என்பதும் அதில் உண்டு என்று விளக்க வேறு எடுத்துக்காட்டு எனக்குத் தேவைப்படவில்லை.

இரண்டாம் குழுதான் வெகுநேரம் பேசாமல் இருந்தது. பிறகு ஒருவன் எழுந்து, "அழிச்சிடணும் டீச்சர். அனுப்பக் கூடாது. நமக்கு வந்தா நாமளும் கேட்கக் கூடாது" என்றான். அந்தக் குழுவில் பதிவைக் கேட்டவர்கள் பலர் இருந்தனர். யாரையும் நான் பெயர் சொல்லிக் கேட்கவில்லை. அன்று மாலையே எல்லோரும் அதை அழித்துவிட்டதாக வகுப்புத் தலைவி வந்து சொன்னாள். கைமாறிப் போன ஒன்றை முழுவதுமாக அழித்துவிட முடியாது என்பதையும் அவளிடம் சொல்லத்தான் வேண்டியிருந்தது.

என் அலைபேசியில் இருந்தவை

பாடம் முடியும் நேரத்தில் கடைசி வரிசையிலிருந்து ஒரு கேள்வி வந்தது. "டீச்சர், உங்க போன்ல எங்க அம்மா பேசினதும் இருக்குமா?"

"இருக்காதுப்பா" என்று சொல்ல வாயெடுத்தேன். பிறகு, "தெரியலையே, பார்த்துட்டு நாளைக்குச் சொல்றேன்" என்றேன். இரவு திறந்து பார்த்தால் நானூற்றுக்கும் மேற்பட்ட பதிவுகள்! இப்படியொரு அமைப்பு இயங்கிக்கொண்டிருந்ததே எனக்குத் தெரியாது. கணவரை இழந்த ஒரு தாய் அழுதது, மகனுக்கு வலிப்பு வரும், யாரிடமும் சொல்லாதீர்கள் என்று ஒரு தந்தை கேட்டுக்கொண்டது எல்லாம் அதில் இருந்தன. என்னை நம்பிச் சொன்னவை. சில நேரம் அந்த அலைபேசியை என் வீட்டுப் பிள்ளைகள் விளையாட எடுப்பார்கள். அந்தத் தோழியை நான் என்ன சொல்லிக் கண்டிக்க முடியும்?

எல்லாவற்றையும் அழித்து, அமைப்பையும் நிறுத்தினேன். மறுநாள் வகுப்பில் நடந்ததை மறைக்காமல் சொன்னேன். அன்று பல பிள்ளைகள் வீட்டுக்குப் போய் அம்மா, அப்பாவின் அலைபேசிகளில் அதே அமைப்பைத் தேடிப் பார்த்திருக்கிறார்கள்.

ஆசிரியர்களுக்குச் சில குறிப்புகள்

* உங்கள் அலைபேசியில் அழைப்புகள் தானாகப் பதிவாகின்றனவா என்று இன்றே பாருங்கள்.
* பொய்ப் புகார் வருமோ என்ற அச்சத்தில் பெற்றோரின் பேச்சைப் பதிவு செய்ய நினைப்போர் உண்டு. அந்த அச்சம் நியாயமானதே. அப்படியானால் தொடக்கத்திலேயே, "இதைப் பதிவு செய்கிறேன்" என்று சொல்லிவிடலாம். அல்லது தலைமை ஆசிரியர் முன்னிலையில் பேசிக் குறிப்பேட்டில் எழுதிக் கையொப்பம் பெறலாம்.
* பெற்றோரிடம் பேசும்போது ஆசிரியர் அறையில் ஒலிபெருக்கியைப் போட வேண்டாம். அதுவும் ஒருவகைப் பரப்புதலே.
* பாலியல் துன்புறுத்தல் பற்றிக் குழந்தை ஏதேனும் சொன்னால் அதைப் பதிவு செய்யவோ, மீண்டும் மீண்டும் சொல்லவைக்கவோ கூடாது. பொறுமையாகக் கேட்டுக்கொண்டு, போக்சோ சட்டப்படி உடனே காவல்துறைக்குத் தெரிவிப்பது நம் கடமை. 1098, 14417 ஆகிய எண்களிலும் உதவி பெறலாம். குழந்தையின் அடையாளத்தை வெளியிடுவது குற்றம்.

தலைமை ஆசிரியரும் நானும் அந்த மாணவியின் வீட்டுக்குச் சென்று பேசினோம். அடுத்த திங்கட்கிழமை அவள் பள்ளிக்கு வந்தாள். முதல் சில நாட்கள் வேறு வரிசையில் அமர்ந்தாள். தோழி எழுதிக் கொடுத்த மன்னிப்புக் கடிதத்தை வாங்கிப் புத்தகப் பைக்குள் வைத்துக்கொண்டாளே தவிர, உடனே பேசவில்லை. பேசும்படி நானும் வற்புறுத்தவில்லை. பொங்கல் விடுமுறைக்குப் பிறகு ஒருநாள் மதியம், வேப்பமரத்தடியில் இருவரும் ஒன்றாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்ததைப் பார்த்தேன். என்ன பேசினார்கள் என்று நான் கேட்கவில்லை.