இரண்டு மனிதர்களும் ஓர் அலமாரியும்

பேச்சே இல்லாமல், ஏறத்தாழ கால் மணி நேரத்தில், ஒரு சமுதாயத்தையே குற்றவாளிக் கூண்டில் ஏற்ற முடியுமா? முடியும் என்பதற்குச் சான்று, 1958-இல் போலந்து நாட்டில் உருவான இந்தச் சோதனைக் குறும்படம். ரோமன் போலன்ஸ்கி, லோட்ஸ் நகரத் திரைப்படக் கல்லூரியில் மாணவராக இருந்தபோதே இதனை இயக்கினார். அவ்வாண்டு பிரஸ்ஸல்ஸ் நகரில் நடந்த சோதனைத் திரைப்படப் போட்டியில் இது பரிசும் பெற்றது.

கதை

கடலிலிருந்து இருவர் எழுந்து வருகின்றனர். அவர்கள் கையில் நிலைக்கண்ணாடி பதித்த பெரிய மர அலமாரி! அதைச் சுமந்தபடியே ஊருக்குள் நுழைகின்றனர். டிராம் வண்டியில் அவர்களுக்கு இடமில்லை; உணவகத்தில் இடமில்லை; விடுதியிலும் இடமில்லை. நட்போடு நெருங்கினால் இளம்பெண்ணொருத்தி விலகிப் போகிறாள். அதே ஊரில் பிக்பாக்கெட் நடக்கிறது, கொலையும் நடக்கிறது. அவற்றைச் செய்தவர்களை எவரும் தடுக்கவில்லை. ஏனெனில் அவர்கள் கையில் அலமாரி இல்லை!

கண்ணாடி செய்த நன்மை

படத்தின் உயிர்நாடி என்று நான் கருதும் காட்சி ஒன்றுண்டு. பூனைக்குட்டியைக் கொன்ற போக்கிரிக் கூட்டம், ஒரு பெண்ணைப் பின்தொடர்கிறது. அவள் அலமாரியின் கண்ணாடியில் அவர்களைக் கண்டு, தப்பிவிடுகிறாள். ஊரார் வெறுத்த அந்தச் சுமைதான் அவளைக் காத்தது. அதற்குக் கிடைத்த பரிசோ, சுமந்தவர்களுக்கு அடி உதை! அடிக்கும் போக்கிரிகளுள் ஒருவராக இயக்குநரே நடித்திருக்கிறார்.

அலமாரி எது?

பிறப்பு, நிறம், மொழி, உடற்குறை என மனிதன் கழற்றி வைக்க இயலாத எதுவும் அந்த அலமாரியே என்பது என் துணிபு. "நீ யார்?" என்று அவர்களை எவரும் கேட்கவில்லை. சுமையைப் பார்த்தனர்; தீர்ப்பு வழங்கினர். அதை எறிந்துவிட்டிருந்தால் அவ்விருவருக்கும் எல்லாக் கதவுகளும் திறந்திருக்கும். அவர்களோ இறுதிவரை எறியவில்லை. அந்த உறுதியையே நான் படத்தின் வெற்றியாகக் காண்கிறேன்.

முடிவுரை

இறுதியில் இருவரும் கடலுக்கே திரும்புகின்றனர். கரையில் ஒரு சிறுவன் வரிசை வரிசையாக மணல் வீடுகள் செய்து வைத்திருக்கிறான். எங்கும் இடிபட்டு வந்தவர்கள், அவற்றுள் ஒன்றும் சிதையாதபடி, பார்த்துப் பார்த்து அடியெடுத்து வைத்து நீருக்குள் மறைகின்றனர். ஊர் அவர்களுக்குத் தராத பரிவை அவர்கள் ஒரு குழந்தையின் விளையாட்டுக்குத் தந்து செல்கின்றனர். நாகரிகம் ஊருக்குள் இருந்ததா, அலமாரி சுமந்தவர்களிடம் இருந்ததா? தீர்ப்பை உங்களிடமே விடுகிறேன்.