அமெரிக்க வீட்டில் நாயும் ஓர் அங்கத்தினர்!

ஒரு சனிக்கிழமை மாலை. கடைசி ஆளாக ஒரு தம்பதி உள்ளே வந்தார்கள். அந்த அம்மாவுக்கு மூட்டுவலி. பல வருஷமாக என்னிடம்தான் வைத்தியம். "டாக்டர், ஆறு மாசத்துக்குத் தைலம் வேணும்" என்றார். "என்னம்மா, பயணமா?" என்றேன்.

"ஆமா டாக்டர். அமெரிக்காவில பையன் வீட்டுக்கு. மருமகளுக்குப் பிரசவம்" என்றவர் குரலைத் தாழ்த்திக்கொண்டார். "அங்கே ஒரு நாய் இருக்கு. வாசல்ல இல்லே, வீட்டுக்குள்ளேயே. சோபாவில ஏறி உட்காருதாம். பச்சைக் குழந்தை வரப்போற வீடு. 'யாருக்காவது குடுத்துடுடா'ன்னு சொல்லிட்டேன். ரெண்டு வாரமாப் பையன் என்கிட்டே சரியாப் பேசலே."

கணவர் பக்கத்திலிருந்து சேர்த்துக்கொண்டார்: "போன வருஷம் அந்த நாய்க்கு முழங்கால்ல ஆபரேஷனாம். நாலாயிரம் டாலர்! இவ முழங்காலுக்கு நாங்க தைலம் தடவிக்கிட்டிருக்கோம்."

சிரித்துவிட்டேன். ஆனால் அந்த அம்மா சிரிக்கவில்லை. கண் கலங்கியிருந்தது. பிரச்சினை நாய் அல்ல, தாய்க்கும் பிள்ளைக்கும் நடுவே விழுந்த விரிசல் என்று புரிந்தது. அவர்களிடம் அன்று சொன்னதைத்தான் இங்கே விரிவாகச் சொல்கிறேன். உங்கள் பிள்ளையோ பெண்ணோ அங்கே இருக்கலாம். நாளைக்கு நீங்களும் அந்த வீட்டு வாசலில் பெட்டியோடு இறங்கலாம்.

எத்தனை வீட்டில் நாய்?

அமெரிக்கக் கால்நடை மருத்துவச் சங்கம் அவ்வப்போது கணக்கெடுக்கிறது. 1996-ல் அந்த நாட்டு வீடுகளில் இருந்த நாய்கள் 5 கோடியே 29 லட்சம். 2024-ல் 8 கோடியே 97 லட்சம்! அப்போது நூற்றுக்குச் சுமார் 45 வீடுகளில் நாய் இருந்தது. ஏறக்குறைய இரண்டு வீட்டுக்கு ஒரு வீடு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

2020-ல் கொரோனா வந்து எல்லோரும் வீட்டுக்குள் அடைந்தபோது, சுமார் 2 கோடியே 30 லட்சம் வீடுகளில் புதிதாக நாயோ பூனையோ வந்து சேர்ந்தது. 1866-ல் தொடங்கப்பட்ட பழைய பிராணி நலச் சங்கமான ஏ.எஸ்.பி.சி.ஏ. 2021-ல் வெளியிட்ட கணக்கு இது. தனிமைக்கு அவர்கள் தேடிக்கொண்ட மருந்து என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

எந்த ஜாதி நாய் என்பதிலும் காலம் மாறியிருக்கிறது. 1991 முதல் 2021 வரை முப்பத்தோரு வருஷம் லாப்ரடார்தான் முதலிடம் என்கிறது அமெரிக்கன் கென்னல் கிளப்பின் பதிவேடு. 2022-ல் அதைத் தள்ளிவிட்டு முன்னால் வந்தது பிரெஞ்சு புல்டாக். சின்ன உடம்பு, அடுக்குமாடி வீட்டுக்குத் தோதானது. ஆனால் சப்பை மூக்கு. மூச்சுத்திணறல், வெயில் தாங்காமை என்று ஆஸ்பத்திரிச் செலவு அதிகம் வைக்கும் ஜாதி. அழகைப் பார்த்து வாங்கிவிட்டு அவஸ்தைப்படுகிறவர்கள் அங்கேயும் உண்டு.

"நாய்" என்று சொல்லிப் பாருங்கள், கோபம் வரும்

2023-ல் பியூ ஆய்வு மையம் செல்லப்பிராணி வளர்ப்பவர்களிடம் கேட்டது. 97 சதவீதம் பேர் அதைக் குடும்பத்தில் ஒருவர் என்றார்கள். அவர்களில் பாதிப் பேருக்கு மேல், வீட்டு மனிதர்களுக்கு எவ்வளவு இடமோ அவ்வளவு இடம் அதற்கும் உண்டு என்றார்கள்.

நம் கிராமத்து வீடுகளிலும் நாய் இருந்தது. திண்ணையில் படுத்தது, மிச்சம் மீதியைத் தின்றது, ராத்திரி குரைத்தது. அது காவல்காரன். அங்கே இருப்பது வேறு. பிள்ளைகள் வளர்ந்து வெளியூர் போன வீடு, குழந்தை பிறக்காத வீடு, ஒற்றை ஆளாக இருக்கும் வீடு, இங்கெல்லாம் மாலையில் கதவைத் திறந்ததும் ஓடிவந்து வரவேற்க ஓர் உயிர். உங்கள் மகன் ஊரை விட்டுப்போய் முதல் பனிக்காலத்தைத் தனியாகக் கழித்தபோது பக்கத்தில் இருந்தது அந்த நாயாக இருக்கலாம். "குடுத்துடு" என்ற ஒரு வார்த்தை ஏன் அவனைக் குத்துகிறது என்று இப்போது புரிகிறதா?

செலவைக் கேட்டால் தலை சுற்றும்

1994-ல் அமெரிக்கர்கள் எல்லாச் செல்லப்பிராணிகளுக்குமாகச் செலவழித்தது 1,700 கோடி டாலர். 2024-ல் சுமார் 15,200 கோடி டாலர்! அதில் தீனிக்கு மட்டும் சுமார் 6,600 கோடி. வைத்தியத்துக்குச் சுமார் 4,000 கோடி. விலைவாசி ஏறியதைக் கழித்துவிட்டுப் பார்த்தாலும் பெரிய உயர்வுதான்.

ஒரு வீட்டுக் கணக்காகப் பாருங்கள். தீனி, தடுப்பூசி, பூச்சி மருந்து, கருத்தடை ஆபரேஷன், முடி வெட்டுதல், ஊருக்குப் போனால் நாயை விட்டுச்செல்லும் விடுதி, கணவன் மனைவி இருவரும் வேலைக்குப் போனால் பகலில் பார்த்துக்கொள்ளும் காப்பகம். வாடகை வீடு என்றால் பல இடங்களில் நாய்க்கென்று மாத வாடகையும் தனியாக உண்டு.

இதற்கெல்லாம் மேலே இன்ஷூரன்ஸ். 1982-ல் தொலைக்காட்சியில் புகழ்பெற்ற லாஸி என்ற நாய்க்குத்தான் அங்கே முதல் பாலிசி எழுதினார்கள். 2023-ல் நோய், விபத்து இரண்டுக்கும் சேர்த்து நாய்க்குச் சராசரி பிரீமியம் வருஷத்துக்குச் சுமார் 675 டாலர். இதில் இரண்டு விஷயம் கவனிக்க வேண்டும். பெரும்பாலும் முதலில் நாம் பணத்தைக் கட்டிவிட்டு, பிறகுதான் திரும்ப வாங்க வேண்டும். பாலிசி எடுக்கும் முன்பே இருந்த நோய்க்குப் பொதுவாகப் பணம் கிடைக்காது. ஆகவே நாய் குட்டியாக இருக்கும்போதே எடுப்பவன் புத்திசாலி.

செலவு முடியாமல் நாயைக் காப்பகத்தில் விட்டுவிடுகிறவர்களும் உண்டு. ஏ.எஸ்.பி.சி.ஏ. கணக்குப்படி, காப்பகங்களில் ஊசி போட்டுக் கொல்லப்பட்ட நாய், பூனைகள் 2011-ல் சுமார் 26 லட்சம். 2019-ல் சுமார் 9 லட்சத்து 20 ஆயிரமாகக் குறைந்தது. குறைந்தது நல்லதுதான், ஆனால் அதுவும் சின்ன எண்ணிக்கை இல்லையே. நாலாயிரம் டாலர் கொடுத்து முழங்காலைச் சரிசெய்த பிள்ளை, கையில் எடுத்த உயிரைக் கைவிடவில்லை என்றும் பார்க்கலாம் அல்லவா? இதைச் சொன்னபோது அந்தக் கணவர் மட்டும் கொஞ்சம் தலையாட்டினார்.

என் கையிலிருந்த கவளம்

இப்போது சமையலறைக்கு வருவோம். நம்மவர்கள் தவறு செய்யும் இடம் இதுதான். நானும் செய்யப் பார்த்தவன்.

2019-ல் நியூஜெர்சியில் என் மகள் வீட்டில் இருந்தேன். அவளிடம் ஒரு லாப்ரடார். ஒரு நாள் புளியோதரை சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். அது எதிரில் உட்கார்ந்து என் கையையே பார்த்தது. மனசு கேட்கவில்லை. ஒரு கவளம் உருட்டிக் குனிந்தேன். "அப்பா, வேண்டாம்!" என்று மகள் சத்தம் போட்டாள். 'நாய்க்கு ஒரு வாய்ச் சோறு போட்டால் குற்றமா?' என்று எனக்கு வருத்தம். நம் சாப்பாடு எதையும் போடக்கூடாது என்பது அவர்கள் வீட்டு நாய் டாக்டரின் கண்டிப்பு என்றாள்.

மூன்று வருஷம் கழித்து ஒரு விஷயம் படித்தேன். திராட்சையும் உலர் திராட்சையும் நாயின் சிறுநீரகத்தைக் கெடுக்கும் என்பது ஏற்கெனவே தெரிந்ததுதான். ஏன் என்பது புரியாமல் இருந்தது. அதிலுள்ள டார்டாரிக் அமிலம் காரணமாக இருக்கலாம் என்று 2021-ல் ஏ.எஸ்.பி.சி.ஏ.யின் விஷ ஆலோசனை மையத்து மருத்துவர்கள் எழுதினார்கள். 2022-ல் வந்த கட்டுரையில், அதே அமிலம் நிறைந்த புளியைத் தின்ற நாய்களுக்கும் வாந்தியும் சிறுநீரகக் கேடும் வந்ததைக் காட்டினார்கள். படித்ததும் என் கையிலிருந்த அந்தக் கவளம்தான் ஞாபகம் வந்தது.

பாளையங்கோட்டையில் படித்தபோது நஞ்சு நூல் எங்களுக்கு ஒரு பாடம். ஓர் உடம்புக்கு உணவாவது இன்னோர் உடம்புக்கு நஞ்சாகலாம் என்பது அதன் அடிப்படை. ஆகவே அந்த வீட்டு நாய்க்கு இவற்றைக் கொடுக்கவே கூடாது:

* புளி சேர்ந்தவை: புளியோதரை, சாம்பார், ரசம், வத்தக்குழம்பு.
* திராட்சை, உலர் திராட்சை. பாயசம், கேசரி, சர்க்கரைப் பொங்கலில் போடுவோமே, அதுவும்தான்.
* வெங்காயம், பூண்டு. இவை நாயின் ரத்தச் சிவப்பணுக்களை உடைக்கும்.
* சாக்லேட்.
* சைலிட்டால் என்ற இனிப்பு. சர்க்கரை இல்லாத சூயிங்கத்தில் இருக்கும். சர்க்கரை நோயாளிகள் பையில் வைத்திருப்பீர்களே! நாயின் ரத்தச் சர்க்கரையை மளமளவென்று இறக்கிவிடும்.
* நம் மாத்திரைகள், முக்கியமாக இபுபுரூபன் போன்ற வலி மாத்திரைகள். நான் கொடுக்கும் சூரணம், லேகியமும் இதில் சேர்த்திதான். தரையில் பெட்டியைத் திறந்து வைக்காதீர்கள். எல்லாம் உயரமான அலமாரியில் இருக்கட்டும்.

தவறித் தின்றுவிட்டால் திட்டு விழும் என்று மறைக்காதீர்கள். என்ன தின்றது, எவ்வளவு, எப்போது என்று உடனே சொல்லுங்கள். அங்கே விஷ ஆலோசனைக்கென்றே இருபத்து நாலு மணி நேரமும் தொலைபேசி உண்டு.

இன்னொன்று. பாசத்தில் அதிகம் ஊட்டுவதும் கெடுதல்தான். 2022-ல் எடுத்த ஒரு கணக்கில், அங்குள்ள நாய்களில் நூற்றுக்கு 59 அளவுக்கு மீறிய எடையில் இருந்தன. நாய்க்கும் மூட்டுவலி வரும்!

அதன் பாஷையைப் படியுங்கள்

வாலை ஆட்டினால் சிநேகம் என்று நினைக்கிறோம். அது பரபரப்பாக இருக்கிறது என்பதற்கும் அடையாளம். வால் விறைப்பாக நின்று ஆடினால் எச்சரிக்கை. தூக்கம் வராமலே கொட்டாவி, உதட்டை நக்குதல், முகத்தைத் திருப்பிக்கொண்டு கடைக்கண் வெள்ளை தெரியப் பார்த்தல், இவையெல்லாம் 'என்னை விடு' என்று சொல்வது. உறுமினால் அடிக்காதீர்கள். உறுமுகிற நாய் சொல்லிவிட்டுச் செய்கிறது. உறுமலை அடித்து அடக்கினால் சொல்லாமலே கடிக்கும்.

பயமாக இருந்தால் ஓடாதீர்கள், கத்தாதீர்கள். கையைக் கட்டிக்கொண்டு மரம்போல நில்லுங்கள், அதன் கண்ணையே உற்றுப் பார்க்காதீர்கள். முகர்ந்துவிட்டுத் தானே போய்விடும். தெருவில் யார் நாயானாலும் சொந்தக்காரரைக் கேட்காமல் தொடக்கூடாது. வெளியே கூட்டிப்போனால் அது போட்டதைப் பையில் எடுத்துவருவது நம் பொறுப்பு. நியூயார்க்கில் இதற்கு 1978-லேயே சட்டம் வந்துவிட்டது. எடுத்ததும் கையை சோப்புப் போட்டுக் கழுவுங்கள். குடற்புழு முட்டைகள் அதில் இருக்கலாம்.

நாயோடு நடப்பது இதயத்துக்கு நல்லது. நாய் வளர்ப்பதற்கும் மாரடைப்பு அபாயம் குறைவதற்கும் தொடர்பு இருக்கலாம் என்று 2013-ல் அமெரிக்க இதயச் சங்கம் அறிக்கையே வெளியிட்டது. ஆனால் மூட்டுவலிக்காரர்களே, கவனம்! 2001 முதல் 2020 வரை வாரைப் பிடித்துக்கொண்டு நாயை நடத்திப்போய் அடிபட்டு அவசரப் பிரிவுக்கு வந்த பெரியவர்கள் சுமார் 4 லட்சத்து 22 ஆயிரம் பேர். முக்கால்வாசிப் பேர் பெண்கள். வாரை விரலில் சுற்றிக்கொண்டு நடக்காதீர்கள். அணிலைப் பார்த்து நாய் பாய்ந்தால் விரல் ஒடியும், இடுப்பும் ஒடியும். பனி உறைந்த பாதையில் நாயோடு போகவே வேண்டாம்.

குழந்தை வரும் வீட்டில்

அமெரிக்காவில் வருஷத்துக்குச் சுமார் 45 லட்சம் நாய்க்கடிகள் நடப்பதாக மதிப்பீடு. வைத்தியம் தேவைப்படுவது சுமார் 8 லட்சம். அதிகம் அடிபடுவது குழந்தைகள், அதுவும் பழகிய நாயிடம். எனவே அந்த அம்மாவின் பயம் அர்த்தமில்லாதது அல்ல.

செய்ய வேண்டியது இது. பிரசவத்துக்கு முன்பே கால்நடை மருத்துவரிடம் காட்டித் தடுப்பூசி, குடற்புழு மருந்து சரிபார்க்கட்டும். ஆஸ்பத்திரியிலிருந்து குழந்தை சுற்றியிருந்த துணியை முதலில் கொண்டுவந்து நாய் முகரட்டும். குழந்தை வந்தபின் அதை விரட்டி ஒதுக்காமல் வழக்கமான நடை, தீனி நேரம் மாறாமல் பார்த்துக்கொள்ளுங்கள். எல்லாவற்றுக்கும் மேலே ஒரு விதி: எவ்வளவு சாதுவான நாயானாலும், ஒரு நிமிஷம்கூடக் குழந்தையையும் நாயையும் தனியாக விடக்கூடாது. பெரியவர் ஒருவர் கூடவே இருக்க வேண்டும். அந்தப் பெரியவர் யார்? பாட்டிதான்!

நாய்க்கு நாய் பரவும் வெறிநோய் வகை ஒழிந்துவிட்டதாக 2007-ல் அமெரிக்கா அறிவித்தது. தடுப்பூசியை விடாமல் போட்டதன் பலன். வௌவால், ரக்கூன் போன்றவற்றில் நோய் இருப்பதால் அங்கேயும் கடிபட்டால் அலட்சியம் கூடாது. நம் நாட்டில் நிலைமை வேறு. நான் சித்த மருத்துவன், நானே சொல்கிறேன்: நாய் கடித்தால் சுண்ணாம்பு, மிளகாய்ப்பொடி, பச்சிலை எதையும் வைக்காதீர்கள். ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டுப் பதினைந்து நிமிஷம் கழுவிவிட்டு, அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போய்த் தடுப்பூசி போட்டுக்கொள்ளுங்கள்.

அந்த அம்மா ஊருக்குப் போய் மூன்று மாதம் கழித்துத் தொலைபேசியில் பேசினார். பேத்தி பிறந்திருக்கிறாள். "நாய் எப்படிம்மா?" என்றேன். "தொட்டில் ரூம் வாசல்லதான் படுத்துக்குது டாக்டர். குழந்தை அழுதா எனக்கு முன்னாலே எழுந்து வந்து என்னைப் பார்க்குது. என் கட்டில்ல மட்டும் ஏற விடலே. அதைப் பையன்கிட்டே சொன்னேன், சரின்னுட்டான்."

"பையன் பேசறானா?"

"ம். தினமும் சாயங்காலம் நாயைக் கூட்டிட்டு நானும் அவனும்தான் நடக்கிறோம். வாரை அவன்தான் பிடிச்சுக்கிறான்."