வழக்கு முடிந்தது, மனு என்ன ஆகும்?

முன்சீப் கோர்ட்டில் எல்லைத் தகராறு. அட்வகேட் கமிஷனர் கேட்டுப் போட்ட ஐ.ஏ. (இடைக்கால மனு) தள்ளுபடியாகி, உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் சி.ஆர்.பி. (உரிமையியல் சீராய்வு மனு) நிலுவையில் இருக்கிறது. அதற்குள் கீழ்க்கோர்ட்டில் தீர்ப்பு வந்துவிடுகிறது. இனி சி.ஆர்.பி. ‘இன்ஃப்ரக்சுவஸ்’, அதாவது பயனற்றது என்று முடிக்கப்படும். மனு முடிந்தாலும் கட்சிக்காரரின் உரிமை முடிந்துவிடாது. ஜூனியர் வக்கீல்கள் கவனிக்க வேண்டியவை இவை.

1. மனு கேட்பது என்ன?
வழக்கு நடக்கும்வரைக்கான நிவாரணம் என்றால் தீர்ப்போடு அதன் ஆயுள் முடியும். உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 39, விதி 1, 2-இன் கீழ் வாங்கும் தற்காலிகத் தடை அப்படிப்பட்டது. அதை மீறியதற்காக 2-ஏ விதியில் போட்ட மனு வேறு. தடை பிறகு ரத்தானாலும் மீறல் அழிந்துவிடாது என்று சமீ கான் வழக்கில் 1998-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. “வழக்குதான் முடிந்ததே” என்று எதிர்த்தரப்பு சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள்.

2. வழக்கு எப்படி முடிந்தது?
வாதி வராததால் தள்ளுபடியானதா? 30 நாளுக்குள் மனுப் போட்டு வழக்கைத் திரும்பக் கோப்பில் ஏற்றலாம். அப்படி ஏறினால், கோர்ட் வேறு மாதிரி சொல்லாதவரை பழைய இடைக்கால உத்தரவுகளும் உயிர்பெறும். இது வரீத் ஜேக்கப் வழக்கில் 2004-இல் வந்த தீர்ப்பு. எனவே மேல்கோர்ட் மனுவை அவசரப்பட்டு விட்டுக்கொடுக்காதீர்கள்.

3. கேள்வியை அப்பீலுக்குக் கொண்டுபோங்கள்
உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 105 இதற்காகவே இருக்கிறது. வழக்கின் முடிவைப் பாதித்த இடைக்கால உத்தரவின் பிழையை, அப்பீல் மனுவில் ஒரு காரணமாகவே எழுதலாம். கமிஷனரை மறுத்ததால் எல்லையை நிரூபிக்க முடியாமல் போனது என்றால் அதைத் தெளிவாக எழுதுங்கள். மாவட்ட அளவிலான கோர்ட்டில் அப்பீலுக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்தில் 90 நாள். நகல் பெற ஆகும் காலம் இந்தக் கணக்கில் சேராது. ஆனாலும் தீர்ப்பு வந்த அன்றே காப்பி அப்ளிகேஷன் போடுங்கள்.

4. மேல்கோர்ட்டுக்கு நீங்களே சொல்லுங்கள்
பின்னால் நடந்தவற்றால் பயனற்றுப்போன வழக்கை முடித்துவைப்பது நீதிமன்றத்தின் கடமை என்று ஷிப்பிங் கார்ப்பரேஷன் வழக்கில் 2004-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தீர்ப்பு நகலோடு மெமோ தாக்கல் செய்யுங்கள். ‘மனு பயனற்றதாகிவிட்டது’ என்பதோடு நிறுத்தாமல், ‘அப்பீலில் இதே கேள்வியை எழுப்பும் உரிமைக்குப் பாதகமின்றி’ என்றும் சேருங்கள். உத்தரவிலும் அந்த வரி இடம்பெறக் கேளுங்கள்.

5. கட்டை மூடுமுன்
கோர்ட்டில் கட்டிய டெபாசிட் இருந்தால், அதைத் திரும்பப் பெற மனுப் போடுங்கள். கட்சிக்காரரிடம் எந்த மனு முடிந்தது, எது மிச்சம், அப்பீல் கெடு எந்தத் தேதி என்று எழுதிக் கொடுத்துக் கையெழுத்து வாங்குங்கள். ‘மனு தள்ளுபடி’ என்று மட்டும் கேள்விப்படுபவர் தோற்றுவிட்டதாக நினைத்து, அப்பீலுக்கே வராமல் போய்விடுவார்.