கானகத்துக் கோயில்கள்

கம்போடியா என்றவுடன் அங்கோர் வாட் என்னும் பெருங்கோயிலே பலருடைய நினைவிற்கு வரும். அந்நாட்டிற்குச் செல்வோருட் பெரும்பாலோர் அதனையும் அதனை அடுத்துள்ள சில கோயில்களையும் கண்டு மன நிறைவுடன் திரும்பிவிடுகின்றனர். ஆனால் அங்கோருக்குக் கிழக்கிலும் வடகிழக்கிலும் காடு சூழ்ந்த இடங்களில் கெமர் மன்னர் எடுப்பித்த வேறு பல கோயில்கள் உள்ளன. அவற்றுள் கோ கேர், பெங் மெலியா என்னும் இரண்டையும் ஒரு பகற்பொழுதிற் கண்டு மீளலாம். அவ்வழியை நன்கு அறிந்த வழிகாட்டி ஒருவர் உடன் வருதல் நன்று. அதன் காரணம் பின்னர் விளங்கும். மாணவர்களே, நாமும் அவ்வழியே ஒருநாள் சென்று வருவோம்.

சியம் ரீப் நகரத்தினின்று வைகறையில் வண்டி புறப்படுகிறது. முதலிற் செல்லவேண்டிய கோ கேர் ஏறத்தாழ 120 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. நகரத்தைக் கடந்ததும் இருபுறமும் நெல்வயல்கள் விரிகின்றன. நெடிய கால்களின்மேல் மரவீடுகள் நிற்கின்றன. வரப்புதோறும் பனைமரங்கள் தலை நிமிர்ந்து காட்சி தருகின்றன. நம் ஊர்ப் பனையும் அப்பனையும் ஓர் இனமே. கம்போடியர் அதனைத் தம் நாட்டு மரமாகப் போற்றுகின்றனர். பாளை சீவிச் சாறு இறக்கி, அகன்ற சட்டியிற் காய்ச்சி வெல்லம் செய்கின்றனர். வழியோரத்தில் அரிசியையும் பயற்றையும் தேங்காய்ப் பாலுடன் மூங்கிற் குழாயில் இட்டு, தணலிற் சுட்டு விற்கின்றனர். குழாயை உரித்து உண்ண வேண்டும். வழிப்பயணத்திற்கு இதனினும் ஏற்ற உணவு இல்லை.

வண்டி செல்லும்போது வழிகாட்டி சில சொற்களுக்குப் பொருள் கூறுகிறார். அங்கோர் என்பது நகரம் என்னும் வடசொல்லின் திரிபு. பிரசாத் என்பது பிராசாதம் என்பதன் திரிபு. கெமர் மொழியில் அது கோயிலைக் குறிக்கும். தோம் என்றால் பெரியது. கிராகம் என்றால் சிவந்தது. பிராம் என்றால் ஐந்து. இவற்றை அறிந்துகொண்டால் கோயில்களின் பெயர்கள் நம்மை மருட்டா. கெமர் எழுத்தைக் கண்டவுடன் நமக்கு அது புதியதாகத் தோன்றும். எனினும் அது பல்லவர் காலத்துத் தென்னாட்டு எழுத்தினின்று வளர்ந்தது என்பது அறிஞர் கண்ட உண்மை. கடல் கடந்து சென்ற எழுத்து அங்கே வேறோர் உருவம் கொண்டு ஒரு மொழிக்கே உரியதாகிவிட்டது.

கி.பி. ஒன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் முதலாம் யசோவர்மன் அங்கோர்ப் பகுதியில் யசோதரபுரம் என்னும் தலைநகரை அமைத்தான். அவன் தங்கையை மணந்தவன் நான்காம் ஜயவர்மன். இவன் யசோதரபுரத்தில் இருந்து ஆளாமல், கோ கேரையே தன் தலைநகராகக் கொண்டான். அரியணை அவனுக்கு முறைப்படி உரியதா, அவன் அதனைக் கவர்ந்துகொண்டானா என்பது பற்றி ஆராய்ச்சியாளரிடையே கருத்து வேற்றுமை உண்டு. அவன் 928 முதல் 941 வரை ஆண்டான். அவனுக்குப்பின் அவன் மகன் இரண்டாம் ஹர்ஷவர்மன் 944 வரை ஆண்டான். அடுத்து வந்த இராசேந்திரவர்மன் மீண்டும் யசோதரபுரத்திற்கே சென்றுவிட்டான். எனவே கோ கேர் தலைநகராய் இருந்த காலம் பதினாறு ஆண்டுகளே. அக்குறுகிய காலத்தில் அங்கு எழுந்த கோயில்களையும் சிலைகளையும் எண்ணினால் வியப்பு மேலிடுகிறது. கல்வெட்டுகள் இவ்வூரைச் சோக் கர்க்யார் என்றும் இலிங்கபுரம் என்றும் கூறும். பின்னைய பெயர் மிகப் பொருத்தமானது. இன்றும் அங்குள்ள சிறு கோயில்கள் சிலவற்றில், ஆளுயரத்திற்கும் மேற்பட்ட இலிங்கங்கள் கூரையிழந்த கருவறையில் தனித்து நிற்பதைக் காணலாம்.

முதலில் வண்டி பிரசாத் பிராம் அருகில் நிற்கிறது. ஐந்து சிறு கோபுரங்கள் உள்ளன. அவற்றுள் ஒன்றன் தலையிலிருந்து அடிவரை ஆலினத்து மரம் ஒன்றன் வேர்கள் இறங்கி, விரித்த கைவிரல்கள் போலச் சுவரைப் பற்றியுள்ளன. பறவை எச்சத்தில் வந்த சிறு விதை செங்கல் இடுக்கில் முளைத்தது. வேர் நிலத்தை நாடி இறங்கிற்று. இறங்கிய வேர் பருத்துக் கட்டடத்தைப் பிளந்தது. பிளந்த கட்டடம் விழாமல் தாங்குவதும் இப்போது அவ்வேரே. மரத்தை வெட்டினால் கோபுரம் சாயும். விட்டுவைத்தால் நாளடைவில் நெருக்கும். இத்தகைய கோயிலைக் காப்போர் எவ்வளவு எண்ணிச் செயற்படவேண்டும் என்பதைக் கருதிப் பாருங்கள்.

அங்கிருந்து பெருங்கோயிலாகிய பிரசாத் தோமுக்குச் செல்கிறோம். காட்டினுள் ஒற்றையடிப் பாதை ஒன்று பிரிகிறது. அதில் கால் வைக்க முயன்றால், “வேண்டா, பாதையை விட்டு விலகாதீர்கள்” என்று வழிகாட்டி தடுக்கிறார். 1970ஆம் ஆண்டில் தொடங்கிய உள்நாட்டுப் போர் பல உருவங்களில் 1998 வரை அந்நாட்டை வருத்தியது. போர் செய்தோர் காடுகளிற் கண்ணிவெடிகளைப் புதைத்துச் சென்றனர். போர் ஓய்ந்த பின்னரும் வெடிகள் ஓயவில்லை. உழச் சென்றவரும் விறகு பொறுக்கச் சென்றவரும் கால் இழந்தனர், உயிரும் இழந்தனர். கோயில்களைச் சுற்றியுள்ள வெடிகளை வல்லுநர் அங்குலம் அங்குலமாகத் தேடி அகற்றிய பின்னரே நம்மைப் போன்றோர் அங்குச் செல்ல வழி பிறந்தது. வழிகாட்டி உடன் வருதல் நன்று என்று முன்னர்க் கூறியதன் காரணம் இதுவே.

பிரசாத் தோமின் கிழக்கு வாயிலாக நிற்பது பிரசாத் கிராகம். செங்கல்லால் ஆகிய உயர்ந்த கோபுரம் அது. பெயருக்கேற்பச் சிவந்து விளங்குகிறது. இங்கு ஐந்து முகங்களுடன் நடனமாடும் சிவபெருமானின் மாபெரும் சிலை ஒன்று இருந்தது. அஃது எண்ணற்ற துண்டுகளாகச் சிதைந்துபோயிற்று. வாயில்களையும் மதில்களையும் கடந்து மேற்கே சென்றால், திடீரென்று காடு விலகிப் புல்வெளி ஒன்று தோன்றுகிறது. அதன் நடுவே 7 அடுக்குகளும் ஏறத்தாழ 36 மீட்டர் உயரமும் உடைய படிக்கூம்பு ஒன்று நிற்கிறது. அதன் உச்சியிலே திரிபுவனேசுவரம் என்னும் இலிங்கம் நிறுவப்பட்டிருந்தது என்று கல்வெட்டுகளால் அறிகிறோம். இன்று அங்கே இலிங்கம் இல்லை. ஆழ்ந்த குழி ஒன்றே உள்ளது. பழைய கற்படிகள் சிதைந்தமையால் பக்கத்தில் மரப்படிகள் அமைத்திருக்கின்றனர். ஏறி நின்றால் நாற்புறமும் காடே கடலெனப் பரந்து கிடக்கிறது. கோயிற் கதவுநிலைகளில் கெமர் மொழியில் நீண்ட பட்டியல்கள் வெட்டப்பட்டுள்ளன. அரசனுடைய வெற்றிகளை நாம் எதிர்பார்க்கும் இடத்தில், கோயிற்பணிக்குப் பல நாட்டுப் பகுதிகளினின்றும் அனுப்பப்பட்ட வேலையாட்களின் கணக்கே காணப்படுகிறது. மலைபோன்ற அக்கட்டடத்தை மன்னன் எடுப்பித்தான் என்று எளிதிற் கூறிவிடுகிறோம். கல் சுமந்த தோள்கள் யாருடையவை என்பதை அக்கதவுநிலைகளே காட்டுகின்றன.

ஊருக்குத் தண்ணீர் தந்த ஏரியின் பெயர் இராகால். அதன் நீளம் ஏறத்தாழ 1,200 மீட்டர்; அகலம் 560 மீட்டர். நிலத்தின் சரிவை நோக்கி அதனைச் சற்றுச் சாய்வாக அமைத்தனர். இதனை அன்றி, வடக்கே ஏறத்தாழ 7 கிலோமீட்டர் நீளமுள்ள கரை ஒன்றை எழுப்பி ஆற்றுநீரையும் தேக்க முயன்றனர். அக்கரையின் கலிங்கு மழைக்காலத்து வெள்ளத்தை வெளியேற்றப் போதுமானதாக இல்லை என்றும், கட்டிய சிறிது காலத்திலேயே கரை உடைந்திருக்கக்கூடும் என்றும் ஆராய்ச்சியாளர் 2019இல் வெளியிட்டனர். தலைநகர் மீண்டும் யசோதரபுரத்திற்கு மாறியதற்கு இதுவும் ஒரு காரணமாக இருந்திருக்கலாம்.

இனி நாம் காணப்போவது பிரசாத் சென் என்னும் சிறு கோயில். உருவத்திற் சிறியதாயினும் கோ கேரில் என் உள்ளத்தை மிகவும் ஈர்ப்பது இதுவே. இதன் கிழக்கு வாயிலில் வாலியும் சுக்கிரீவனும் கட்டிப் புரண்டு மற்போர் செய்யும் சிலை இருந்தது. அஃது இப்போது புனோம் பென் நகரத்துத் தேசிய அருங்காட்சியகத்தில் உள்ளது. மேற்கு வாயிலில் இருந்தது இன்னும் பெரியதொரு காட்சி. மகாபாரதப் போரின் முடிவில் வீமனும் துரியோதனனும் கதை ஏந்திப் பொருத நிகழ்ச்சியை நீவிர் படித்திருப்பீர். துரியோதனன் மேலே எழும்பப் பாய்ந்த வேளையில் வீமன் அவன் தொடையில் அடித்தான். அம்முறை தவறிய அடியைக் கண்ட பலராமன் சினந்தெழுந்தான். அந்த நொடியைக் கெமர்ச் சிற்பி தனித்தனிச் சிலைகளாக வடித்து ஒரு முற்றத்தில் நிறுத்தினான். சுவரிற் புடைத்த சிற்பம் அன்று. நாற்புறமும் சுற்றி வந்து காணத்தக்க முழுவுருவச் சிலைகள். நடுவே பாய ஒருங்கும் துரியோதனனும் எதிரே வீமனும். சூழப் பலராமனும் பாண்டவரும் பிறரும். ஆக 9 உருவங்கள்.

இன்று அங்கே சென்று பார்த்தால் ஓர் உருவமும் இல்லை. 1970க்குப் பின், போர்க் குழப்பத்தின்போது திருடர் புகுந்து சிலைகளைக் கணுக்காலளவில் வெட்டி எடுத்துச் சென்றனர். பாதங்கள் மட்டும் பீடங்களோடு ஒட்டி நின்றுவிட்டன. சிலைகள் பல கை மாறி அயல்நாட்டு அருங்காட்சியகங்களையும் செல்வர் மாளிகைகளையும் அடைந்தன. 2011ஆம் ஆண்டில் நியூயார்க் நகரத்து ஏலக்கூடம் ஒன்று, பாதங்கள் இல்லாத கெமர் வீரன் சிலை ஒன்றை ஏலத்திற்கு வைத்தது. பாதங்கள் எங்கே? அவை கோ கேர்க் காட்டில் இருந்தன. ஆராய்ச்சியாளர் பீடத்தின் அளவையும் வெட்டுவாயையும் சிலையோடு ஒப்பிட்டு, அவன் துரியோதனனே என்று நிறுவினர். கம்போடிய அரசு உரிமை கோரியது, வழக்கும் நடந்தது. மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகம் மண்டியிட்ட இரண்டு உருவங்களை 2013இல் திருப்பிக் கொடுத்தது. 2014இல் துரியோதனனும், கலிபோர்னியாவில் இருந்த வீமனும், பலராமனும் தாய்நாடு சேர்ந்தனர். திருடர் மதிப்பற்றவை என்று விட்டுச் சென்ற பாதங்களே ஊமைச் சான்றாய் நின்று உண்மையை உரைத்தன.

கோ கேரின் வேறு கோயில்களிலும் இவ்வாறே நிகழ்ந்தது. அங்கிருந்து களவு போன மாபெரும் விநாயகர் சிலையும், மயில்மீது அமர்ந்த முருகன் சிலையும் 2022இல் அமெரிக்காவிலிருந்து திருப்பி அளிக்கப்பட்டன. தமிழ்நாட்டு மாணவருக்கு அந்த மயிலை அறிமுகம் செய்துவைக்க வேண்டுவதில்லை. அடுத்த ஆண்டு, அதாவது 2023இல், யுனெஸ்கோ நிறுவனம் கோ கேரை உலகப் பாரம்பரிய இடங்களுள் ஒன்றாக ஏற்றுக்கொண்டது.

பிற்பகலில் தென்மேற்கே திரும்பிப் பெங் மெலியாவை அடைகிறோம். இஃது அங்கோருக்குக் கிழக்கே ஏறத்தாழ 40 கிலோமீட்டர் தொலைவில், பண்டைப் பெருவழி ஒன்றன்மேல் உள்ளது. கோ கேர் தலைநகர்நிலையை இழந்து ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்குப் பின், பன்னிரண்டாம் நூற்றாண்டில் எழுந்தது. கட்டியவன் பெயரைக் கூறும் கல்வெட்டு ஒன்றும் இங்குக் கிடைத்திலது. அங்கோர் வாட்டின் அமைப்பை ஒத்திருத்தலால், அதனைக் கட்டிய இரண்டாம் சூரியவர்மன் காலத்தது என்று கருதுகின்றனர். சுற்றியுள்ள அகழியின் அகலம் மட்டும் 45 மீட்டர். கூலன் மலைச்சாரலின் மணற்கல்லால் பெரும்பாலும் கட்டப்பட்டது.

இக்கோயில் புதுப்பிக்கப்படாமல் விடப்பட்டுள்ளது. கெமர்த் தச்சர் கல்லின்மேற் கல்லைச் சிறிது சிறிதாக முன்தள்ளி அடுக்கி, இருபுறமும் உச்சியில் கூடச் செய்து கூரை அமைத்தனர். இம்முறையில் ஒரு கல் நழுவினால் அடுத்த கல்லுக்குத் தாங்கல் இல்லை. ஆதலால் மரவேர் புகுந்த இடமெல்லாம் கூரை சரிந்து முற்றங்களிற் கற்குவியலாய்க் கிடக்கிறது. அக்குவியலின்மேல் அமைத்த மரப்பாலத்தின் வழியே நாம் நடக்கிறோம். பாசி படர்ந்த பசுமையினூடே பாற்கடல் கடைந்த காட்சியும், கருடன்மேல் வரும் திருமாலும் ஆங்காங்கே தென்படுகின்றனர். எங்கும் அமைதி, இலை உதிரும் ஓசையும் கேட்கிறது. வெளியே வரும் வழியில், தலைகள் விரித்த கல்நாகம் ஒன்று சிதையாமல் நிற்கிறது. அதன் படத்தின் நுண்ணிய வேலைப்பாட்டைக் காண ஏற்ற வேளை மாலைதான். சாய்ந்த வெயில் ஒவ்வொரு வரியையும் எடுத்துக் காட்டும். சிறிது நேரம் அங்கே நின்றுவிட்டு வண்டி ஏறுகிறோம். சியம் ரீப் சேரும்போது விளக்கேற்றும் பொழுதாகிவிடுகிறது.