மழலையின் பூர்வாங்கம்

கேள்வி: என் மகளுக்கு 9 மாதம். ‘பபப’, ‘ததத’ என்று நாள் முழுவதும் மிழற்றுகிறாளே தவிர, ஒரு வார்த்தையும் பொருளோடு வரவில்லை. அடுத்த வீட்டுக் குழந்தை இதே வயதில் ‘அம்மா’ என்கிறது. வைத்தியரிடம் காட்ட வேண்டுமா? – ஒரு தாயார், கும்பகோணம்

வேண்டியதில்லை, அம்மா. 2, 3 மாதங்களில் ‘ஆ’, ‘ஊ’ என்று உயிரொலிகளை மட்டும் இழுத்துக்கொண்டிருந்த சிசு, 6 மாதத்துக்கும் 10 மாதத்துக்கும் இடையில் உதட்டையும் நாவையும் துணைக்கு அழைத்து, மெய்யோடு உயிர் கூடிய அசைகளை அடுக்கத் தொடங்குவதே பேச்சின் பூர்வாங்கம்; அதைத் தங்கள் புதல்வி குறைவின்றிச் செய்து வருகிறாள். அர்த்தமுள்ள முதற்சொல் பெரும்பாலும் ஆண்டு நிறைவை ஒட்டியே பிறக்கும். அடுத்த வீட்டு ‘அம்மா’வும் இப்போதைக்கு உதடு கூடிப் பிரியும் விளையாட்டாகவே இருக்கக்கூடும்; ஆயினும் அந்தத் தாயாரின் ஆனந்தத்தைக் கலைப்பானேன்!

நாவைவிடச் செவி வெகுதூரம் முன்னே சென்றுவிடுகிறது. கனடாவில் ஜேனட் வெர்க்கர், ரிச்சர்ட் டீஸ் என்னும் இருவர் 1984இல் வெளியிட்ட ஆராய்ச்சியின்படி, ஆங்கிலம் மட்டுமே வழங்கும் வீடுகளில் வளர்ந்த குழந்தைகள், 6 முதல் 8 மாத வயதில் இந்தியின் ‘த’, ‘ட’ ஒலிகளைப் பேதம் பிரித்து உணர்ந்தன. அந்தச் சக்தி 10, 12 மாதத்துக்குள் பெரிதும் மங்கிவிட்டது. ஆகவே, தங்கள் மகள் இந்நேரம் தமிழின் ஒலிகளைத் தனக்கெனத் தேர்ந்துகொண்டிருக்கிறாள் என்று தைரியமாக நம்பலாம்.

அவள் ‘ததத’ என்றதும் முகம் பார்த்து மறுமொழி கூறி, அவள் முறைக்குச் சற்றே காத்திருங்கள். கூப்பிட்ட குரலுக்குத் திரும்பாமலோ, வந்த மழலை நின்றுபோயோ இருந்தால் மட்டும் தாமதியாமல் செவிப் பரிசோதனை செய்விக்கவும்.