லேண்ட்ரோவர் வாங்கப்போகும் தம்பிக்கு



பழைய லேண்ட்ரோவர் ஒன்றை வாங்கிச் சீர்செய்து, அதிலேயே ஆப்பிரிக்காவைக் கடக்க வேண்டும் என்று எழுதியிருந்தாய். நல்ல ஆசை. 2003இல் தொடங்கிய பிளைமத்–பஞ்சூல் பயணத்தில் நூறு பவுண்டுக்கும் குறைந்த விலைக் கார்களிலேயே சகாராவைத் தாண்டிக் காம்பியா போனார்கள். போய்ச் சேர்ந்த கார்களை அங்கேயே ஏலம்விட்டு அறப்பணிக்குக் கொடுத்தார்கள். அதற்கு வெகுமுன்பே, 1955இல், ஆக்ஸ்போர்டு, கேம்பிரிட்ஜ் மாணவர்கள் ஆறு பேர் இரண்டு லேண்ட்ரோவர்களில் லண்டனை விட்டுக் கிளம்பினார்கள். பர்மா, சயாம் கடந்து நம் மலாயா வழியாக 1956 மார்ச்சில் சிங்கப்பூர் வந்துவிட்டார்கள்.

ஓட்டப் பழக நீ தூரம் போக வேண்டாம்; உன் பள்ளிக்கூடம் கேமரன் மலையிலேயே இருக்கிறது. ரிங்லெட்டிலும் கம்போங் ராஜாவிலும் கோஸ் மூட்டைகளோடு சேற்றுச் சரிவில் லேண்ட்ரோவர் இறக்கும் ஓட்டுநர்களின் பக்கத்தில் போய் உட்கார். ஏறும்போது ஊரே வேடிக்கை பார்க்கும். நீ கவனிக்க வேண்டியது இறக்கத்தை.

பழைய சீரிஸ் 2ஏ லேண்ட்ரோவரில் முதல் இரண்டு கியருக்கும், பற்களின் வேகத்தை ஒத்துவரச் செய்யும் சிங்க்ரோமெஷ் கிடையாது. உருளும் வண்டியில் ஒன்றாம் கியருக்கு இறக்கப் பார்த்தால் பல் நறநறக்கும், கியர் எளிதில் விழாது. அந்த நேரம் வண்டி எந்தப் பிடியும் இல்லாமல் ஓடும். ஆகவே சரிவின் தலையிலேயே நிறுத்து. சிவப்புக் குமிழ்க் கம்பியைப் பின்னுக்கு இழுத்து லோ ரேஞ்சில் போடு. ஒன்றாம் கியர் விழுந்தபின் கிளட்சிலிருந்து காலை எடுத்துவிடு. பாதி இறக்கத்தில் பயந்து அதை மிதித்தாயானால் இஞ்சினின் பிடி போய்விடும். டிரம் பிரேக்கை நம்பாதே; சூடேறினாலும் தளரும், ஓடையில் நனைந்தாலும் தளரும். ஓடை தாண்டியதும் லேசாக அழுத்தியபடி ஓட்டிக் காயவை.

வாங்கும்போது பெயின்ட் மினுமினுப்பில் மயங்காதே. போருக்குப் பிந்தைய இரும்புத் தட்டுப்பாட்டில், 1948இல் பிறந்த வண்டி இது. அதனால்தான் உடம்பு அலுமினியம். கீழே சேஸிஸோ இரும்பு. அதன் வடிகால் துளைகளைச் சேறு அடைத்தால் உள்ளிருந்தே அரித்துவிடும். சின்னச் சுத்தியலோடு அடியில் படுத்துத் தட்டிப் பார். மொத்தென்று கேட்கும் இடம் உள்ளே செத்துவிட்டது.

இன்னொன்றை மன்றாடியே கேட்கிறேன். மழை நாளில் தேயிலைத் தோட்டத்து மண்பாதையில் விளையாட்டுக்காகச் சக்கரத்தைச் சுழற்றாதே. நீ உழுத தடத்தில் அடுத்த மழை ஓடையாக இறங்கி மண்ணைக் கொண்டுபோகும். 1929இல் போ (BOH) தேயிலைத் தோட்டம் தொடங்கிய நாளிலிருந்து இந்தச் சரிவுகளில் நம் மக்கள் உழைத்திருக்கிறார்கள். இன்று வங்காளதேசத்துப் பிள்ளைகள் கொழுந்து மூட்டையோடு அங்கே நடக்கிறார்கள்.

வண்டி கைக்கு வந்ததும் ஆப்பிரிக்க வரைபடத்தை விரிக்காதே. பின் அச்சின் ஹாஃப்ஷாஃப்டைக் கழற்றி மாட்டப் பழகு. பாரம் ஏற்றினால் முறிவது பெரும்பாலும் அதுதான். முறிந்தாலும் முன் சக்கர இழுவையில் மெல்ல ஊர்ந்து வரலாம். அதையும் தோட்டத்துப் பாதையிலேயே ஒருமுறை செய்துபார்த்துவிட்டு எனக்கு எழுது.

அன்புடன்,
அண்ணன்